மக்ரஸ் அபே: கூரை போனாலும் மரம் இருக்கிறது

அயர்லாந்தின் கில்லார்னி தேசியப் பூங்காவுக்குள் இருக்கிற இந்த மடத்துக்கு டிக்கெட் கிடையாது, அதனால் சும்மா எட்டிப் பார்த்துவிட்டு வந்துவிடாதீர்கள். 1448-இல் பிரான்சிஸ்கன் துறவிகளுக்காக எழுப்பியது. 1650-களில் இங்கிலாந்துத் தளபதி கிராம்வெல்லின் படை எரித்துப்போட்டது, ஆனாலும் சுவர்கள் அப்படியே நிற்கின்றன. நடுமுற்றத்தில் ஒரு யூ மரம் (என்றும் பசுமையான ஊசியிலை மரம்), அடிமரம் முறுக்கிய வடம் மாதிரி, கிளைகள் சுவரையும் தாண்டி விரிந்து பட்டப்பகலிலேயே முற்றத்தை இருட்டாக்குகின்றன. சுற்றியுள்ள வளைவுகளில் சில அரைவட்டம், சில கூர்முனை, ஏன் இப்படி என்று யோசித்துக்கொண்டே மூன்று சுற்று வந்தேன். மாடிக்கு ஏறும் கல்படிகள்தான் தொல்லை. குறுகல், மழை பெய்தால் வழுக்கல், எனக்கே ஒருமுறை கால் சறுக்கியது. அப்புறம், குதிரைவண்டிக்குக் காசு கொடுக்காதீர்கள், கார் நிறுத்துமிடத்திலிருந்து கொஞ்ச தூரம்தான், நடந்தே போய்விடலாம்.