தண்ணீர்க் கேனா, கொதித்தாறிய குழாய் நீரா: தைரொயிட்டுக்கு எது நல்லது?

வெள்ளவத்தைத் தொடர்மாடிகளுக்கு வரும் 19 லீற்றர் கேனைக் கவிழ்த்து அடியைப் பாருங்கள். முக்கோணத்துக்குள் 7 இருந்து, பக்கம் கண்ணாடிபோல் கெட்டியாக இருந்தால் அது அநேகமாகப் பொலிகாபனேற் என்ற பிளாஸ்ரிக். அதன் மூலப்பொருள் பிஸ்பினோல் ஏ (BPA) என்ற இரசாயனம். ஆய்வுகூடச் சோதனைகளில் இது தைரொயிட் ஹோர்மோனான ரி3 கலத்துக்குள் பற்றிக்கொள்ளும் ஏற்பியில் குறுக்கே நின்று, அதன் வேலையைத் தடுக்கிறது. நிழலில் வைத்த புதுக் கேனில் கசிவு மிகக் குறைவு. வெயிலில் நிற்கும் லொறி, கீறல் விழுந்த பழைய கேன், காரமான சவர்க்காரத்தால் கழுவுதல் ஆகியவைதான் கசிவைக் கூட்டும்.

அம்பத்தளைச் சுத்திகரிப்பு நிலையத்திலிருந்து குழாயில் வரும் களனி ஆற்று நீர் குளோரின் சேர்த்தது. குமிழி பொங்கியபின் ஒரு நிமிடம் கொதிக்கவிட்டு, மூடி ஆறவைத்து, எவர்சில்வர் குடத்திலோ கண்ணாடிப் போத்தலிலோ ஊற்றினால் போதும். சுடச்சுட பிளாஸ்ரிக் போத்தலில் ஊற்றினால் பட்ட பாடெல்லாம் வீண். கிருமி சாகும், கரைந்த உலோகமும் நைத்திரேற்றும் கொதிப்பதால் போகாது.

நான் குழாய் நீரையே சொல்வேன், கர்ப்பிணி உள்ள வீட்டில் கட்டாயமாக: முதல் மாதங்களில் சிசுவின் மூளை தாயின் தைரொயிட் ஹோர்மோனான ரி4ஐயே நம்பியிருக்கிறது. கேன்தான் வழியென்றால் கீறலில்லாததைக் கேட்டு வாங்கி, பல்கனியில் அல்லாமல் உள்ளே வையுங்கள். தைரொயிட் ஹோர்மோன் உருவாக அயடின் வேண்டும் என்பதால் அயடின் உப்பையும் விட்டுவிடாதீர்கள்.