மாதத் தவணையில் மாற்றமில்லை: வீட்டுக் கடனுடன் பன்னிரண்டு ஆண்டுகள்

அலுவலகத்தில் பக்கத்து மேசை இளைஞர் வீடு வாங்கப் போகிறார். போன வாரம் இடைவேளையில், "சார், நீங்கள் பன்னிரண்டு வருடமாகக் கட்டுகிறீர்களே, கடன் எப்படி இருக்கிறது?" என்று கேட்டார். வண்டி மைலேஜ் எப்படி என்று விசாரிக்கும் அதே குரல். பரவாயில்லை என்று சொல்லி வைத்தேன். பிறகு இரவு முழுக்க அந்தப் பரவாயில்லை என்னை உறுத்தியது. அதனால் இதை எழுதுகிறேன்.

என் கடன் எவ்வளவு என்று சொல்லப் போவதில்லை. 100 என்று வைத்துக்கொள்ளுங்கள். வட்டி 9 சதவீதம், மாறும் வட்டி, இருபது ஆண்டு, 240 தவணை. உங்கள் தொகையால் பெருக்கிக்கொண்டால் உங்கள் கதை வந்துவிடும்.

கையெழுத்துப் போட்ட அன்று எனக்குத் தெரிந்ததெல்லாம் மாதம் எவ்வளவு என்பது ஒன்றுதான். 0.90. சம்பளத்தில் அது அடங்குமா என்று பார்த்தேன், அடங்கியது. 0.90ஐ 240ஆல் பெருக்கினால் 216 என்பதை ஐந்தாம் வகுப்புப் பிள்ளைகூடச் செய்துவிடும். நான் செய்யவில்லை. செய்திருந்தாலும் கையெழுத்துப் போட்டிருப்பேன், அது வேறு விஷயம். 100 வாங்கி 216 கட்டுவதில் எனக்கு இன்றுவரை பெரிய கோபம் இல்லை. இருபது ஆண்டுக்கு ஒருவர் பணத்தை இன்னொருவர் வைத்திருந்தால் அதற்கு வாடகை உண்டு.

முதல் மாதக் கணக்கைப் பார்த்தபோதுதான் ஒரு மாதிரி ஆனது. கட்டிய 0.90இல் 0.75 வட்டிக்குப் போய்விட்டது. அசலில் விழுந்தது 0.15. இதில் ஏமாற்று எதுவும் இல்லை. நிற்கும் பாக்கிக்குத்தான் வட்டி. ஆரம்பத்தில் பாக்கி முழுதாக நிற்கிறது, அதனால் தவணையை வட்டி விழுங்குகிறது. பாக்கி கரையக் கரைய அசலுக்கு இடம் கிடைக்கிறது. ஆனால் அந்தக் கரைதல் எவ்வளவு மெதுவானது என்பது பெயருக்குக்கூட எனக்குத் தெரிந்திருக்கவில்லை. ஐந்து ஆண்டில் 54 கட்டியிருந்தேன், அசல் குறைந்தது 11. ஒரு தவணையில் பாதிக்கு மேல் அசலுக்குப் போவதற்குப் பன்னிரண்டு ஆண்டு தாண்ட வேண்டும். கடன் பாதியாவதற்குப் பதினான்கு ஆண்டு. பத்தாம் ஆண்டு முடிவில் பாதி வழி வந்துவிட்டோம் என்று இனிப்பு வாங்குகிறவர்களுக்கு, அன்றைக்கு இன்னும் 71 பாக்கி நிற்கும் என்பதைச் சொல்லிவிடுங்கள். வட்டி ஏறாமல் இருந்தால் மட்டும்.

என் கடனில் ஏறியது.

ஐந்தாம் ஆண்டு முடிந்த சமயம் வங்கியிலிருந்து ஒரு குறுஞ்செய்தி வந்தது. வட்டி விகிதம் 9இலிருந்து 10 ஆக மாற்றியமைக்கப்பட்டுள்ளது, மாதத் தவணையில் மாற்றமில்லை. இவ்வளவுதான். எனக்கு நிம்மதி. மனைவியைக் கூப்பிட்டு, "வட்டி ஏறிவிட்டது, ஆனால் தவணை ஏறவில்லை, பார்" என்று செய்தியைக் காட்டினேன். அவள் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு இரண்டு தடவை படித்தாள். "அப்படியென்றால் ஏறின வட்டியை யார் கட்டுவார்கள்?" என்று கேட்டாள். அது வங்கியின் கணக்கு, நமக்கு எதற்கு என்று சொல்லிவிட்டுத் தொலைக்காட்சியின் ஒலியைக் கூட்டினேன்.

அந்தக் கேள்விக்கான பதில் எனக்குக் கிடைக்க மூன்று ஆண்டு ஆனது. எட்டாம் ஆண்டின் முடிவில் வேறொரு வேலைக்காகப் பாக்கிச் சான்று வாங்கப் போனேன். ஒற்றைத் தாள். கீழே வலது ஓரத்தில் சின்ன எழுத்தில், மீதமுள்ள தவணைகள்: 172. நான் நின்றபடியே கணக்குப் போட்டேன். 240, கட்டியது 96, மீதி 144. தாளில் தட்டச்சுப் பிழை என்றே முதலில் நினைத்தேன். கவுன்ட்டரில் இருந்தவர் மரியாதையான மனிதர். "சார், வட்டி ஏறியபோது உங்கள் தவணையை ஏற்றவில்லை, காலத்தைத்தான் நீட்டியிருக்கிறோம். உங்களுக்கு அது வசதிதானே?" என்றார். 28 மாதம். இரண்டு ஆண்டு நான்கு மாதம். என் வாழ்க்கையில் யாரோ பென்சிலால் ஒரு கோட்டை இழுத்து நீட்டியிருக்கிறார்கள், அதற்கு நான் நிம்மதிப் பெருமூச்சும் விட்டிருக்கிறேன்.

அன்று இரவு பழைய நோட்டுப் புத்தகத்தில் கட்டம் போட்டு எழுதினேன். எட்டு ஆண்டில் கட்டியது 86. அசலில் குறைந்தது 18. பாக்கி 82. கடைசி எண்ணைப் பார்த்த மனைவி ஒன்றும் சொல்லவில்லை. சொல்லியிருந்தால் நன்றாக இருந்திருக்கும்.

ஒரு சதவீதம் என்று வாயால் சொல்லும்போது ஒன்றுமில்லாததுபோல இருக்கிறது. ஐந்தாம் ஆண்டு முடிவில் அந்த ஒரு சதவீதம் ஏறியவுடனே, காலத்தைத் தொடாமல் தவணையை ஏற்றிக்கொண்டிருந்தால் 6 சதவீதம் கூடுதலாகக் கட்ட வேண்டியிருந்திருக்கும். கடன் முடியும்வரை கூடுதல் செலவு 9.6. தவணையைத் தொடாமல் காலத்தை நீட்டியதால் கூடுதல் செலவு 25. அதாவது வாங்கிய கடனில் கால் பங்கு. இரண்டு சதவீதம் ஏறியிருந்தால் என்ன ஆகியிருக்கும் என்று போட்டுப் பார்த்தேன். ஆறு ஆண்டுக்கு மேல் நீண்டிருக்கும், கூடுதல் 69. அதே இரண்டு சதவீதத்துக்குத் தவணையை ஏற்றியிருந்தால் கூடுதல் 20 கூட இல்லை. வட்டி 12ஐச் சற்றே தாண்டியிருந்தால் இன்னும் வேடிக்கை. என் 0.90 அந்த மாத வட்டிக்கே போதாது. மாதாமாதம் கட்டிக்கொண்டே இருப்பேன், பாக்கி மாதாமாதம் வளர்ந்துகொண்டே இருக்கும்.

மறுநாள் போய் 144க்குத் திருப்பித் தரச் சொன்னேன். தந்தார்கள். தவணை 0.98 ஆனது. ஐந்தாம் ஆண்டிலேயே கேட்டிருந்தால் 6 சதவீத ஏற்றத்தில் முடிந்திருக்கும். மூன்று ஆண்டு தூங்கியதற்கு 9 சதவீதம். விண்ணப்பம் ஒரு பக்கம்தான், கையெழுத்து இரண்டு. எவ்வளவு எளிதாக முடிந்தது என்பதுதான் எனக்கு எரிச்சலை இன்னும் கூட்டியது. இவ்வளவு எளிதென்றால் அந்தக் குறுஞ்செய்தியில் "உங்கள் கடன் 28 மாதம் நீள்கிறது, வேண்டாமென்றால் வாருங்கள்" என்று ஒரு வரி சேர்த்திருக்கலாமே.

இனி நல்லதைச் சொல்லாவிட்டால் நியாயமில்லை.

இந்தக் கடனில் நான் எதிர்பார்க்காத ஒரு சுகம் உண்டு. கையில் கொஞ்சம் பணம் சேரும்போது அசலில் கொண்டுபோய்ப் போடுவது. ஒன்பதாம் ஆண்டு முடிவில் எதிர்பாராமல் ஒரு தொகை வந்தது, 3 கட்டினேன். 132 என்று நின்ற பாக்கித் தவணை 123ம் ஒரு துண்டுமாக இறங்கியது. அந்த 3க்கு, கூட்டினால் ஏறக்குறைய 8.7 வரும் தவணைகள் கிழிந்து விழுந்தன. ஆபத்தே இல்லாமல் இப்படிப் பலன் தரும் இடத்தை நான் வேறெங்கும் பார்த்ததில்லை. சீக்கிரம் போடுவதில்தான் எல்லாம் இருக்கிறது. 9 சதவீதக் கடனில் முதல் ஆண்டு முடிவில் 5 போட்டால் 27 மாதத்துக்கு மேல் குறையும். அதே 5ஐப் பதினைந்தாம் ஆண்டு முடிவில் போட்டால் எட்டரை மாதம். ஆண்டுக்கு ஒரே ஒரு தவணை கூடுதலாகக் கட்டி வந்தாலே இருபது ஆண்டுக் கடன் பதினாறரையில் முடிந்துவிடும். முதல் ஐந்து ஆண்டில் நான் வாங்கிய சோபாவையும் பெரிய தொலைக்காட்சியையும் இந்தக் கண்ணால் பார்க்கக் கூடாது என்று இருக்கிறேன். மனைவியின் கேள்வியை மூழ்கடித்த ஒலி அந்தத் தொலைக்காட்சியுடையது.

ஆனால் அந்த 3ஐக் கட்டிய அன்றும் ஒரு சின்ன மல்லுக்கட்டு நடந்தது. பணத்தை வாங்கிக்கொண்டு ரசீது கொடுத்தார்கள். இரண்டு நாளில் செய்தி வந்தது, உங்கள் மாதத் தவணை குறைக்கப்பட்டுள்ளது. மீதமுள்ள தவணைகள் அதே 132! மறுபடி போய், தவணையைக் குறைக்க வேண்டாம், காலத்தைக் குறையுங்கள் என்று எழுதிக் கொடுத்த பிறகுதான் 123 ஆனது. திரும்பி வரும் வழியில்தான் எனக்கு உறைத்தது. வட்டி ஏறியபோது தவணை அப்படியே நின்றது, காலம் நீண்டது. நான் கூடுதலாகக் கட்டியபோது காலம் அப்படியே நின்றது, தவணை குறைந்தது. இரண்டு தடவையும் எனக்கு வசதி என்றுதான் சொன்னார்கள். இரண்டு தடவையும் அந்த வசதியால் பாக்கி கூடுதல் நாள் நின்றிருக்கும். இதைச் சதி என்று சொல்ல மாட்டேன். கணினியில் யாரோ ஒருவர் முன்னிருப்பாக எதைக் குறித்து வைத்தாரோ அது நடக்கிறது. எதைக் குறித்து வைத்தார் என்பதைத்தான் கவனிக்கிறேன்.

சில்லறைச் செலவுகளை விரிவாகச் சொல்லப் பொறுமை இல்லை. கடன் பரிசீலனைக் கட்டணம், சொத்து மதிப்பீடு, சட்ட ஆலோசனை, பத்திரப் பதிவு என்று முதல் மாதத்திலேயே கறந்துவிடுகிறார்கள். அவற்றில் ஒன்றுமட்டும் என் மனதில் முள்ளாக நிற்கிறது. காப்பீட்டு பிரீமியத்தைத் தனியாகக் கட்ட வேண்டாம், கடனோடு சேர்த்துவிடலாம் என்றார்கள். என் 100க்குள் அந்த 2 ஒளிந்திருக்கிறது. முதல் அட்டவணைப்படியே அந்த 2க்கு நான் கட்டுவது 4.3. காப்பீடு வேண்டியதுதான், கடனாளி செத்துப்போனால் வீட்டார் தெருவுக்கு வரக் கூடாது. அதை வட்டிக்கு வாங்க வேண்டியதில்லை.

பழைய வாடிக்கையாளருக்கு ஒரு விகிதம், புதிதாக வருகிறவருக்கு அதைவிடக் குறைந்த விகிதம் என்பதும் உண்டு. வங்கி வாசலில் தொங்கிய விளம்பரத் தட்டியைப் பார்த்துவிட்டு உள்ளே போய்க் கேட்டால், மாற்றித் தருகிறோம், அதற்கு ஒரு கட்டணம் என்கிறார்கள். கேட்காதவருக்கு யாரும் மாற்றித் தருவதில்லை.

இவ்வளவும் சொன்ன பிறகு என் மேலேயே எனக்குச் சந்தேகம் வருகிறது. 216 என்ற எண்ணைச் சொல்லிப் பயமுறுத்துவது முழு உண்மை இல்லை. விலைவாசி ஆண்டுக்கு 5 சதவீதம் ஏறுகிறது என்று வைத்தால், இருபதாம் ஆண்டில் கட்டும் 0.90இன் மதிப்பு இன்றைய 0.34தான். எல்லாத் தவணைகளையும் அப்படி இன்றைய மதிப்புக்குக் கொண்டுவந்தால் 216 என்பது 138 ஆகச் சுருங்கிவிடும். 38 கொடுத்து இருபது ஆண்டுக்கு முன்பே வீட்டில் குடியேறியிருக்கிறேன். இடைப்பட்ட வாடகை மிச்சம். இந்தச் சுவரில் ஆணி அடிக்க யாரிடமும் அனுமதி கேட்கவில்லை. முதல் தவணையின்போது மலைப்பாக இருந்த தொகை இன்று சம்பளத்தில் அவ்வளவாக உறைப்பதில்லை. முப்பது ஆண்டுக்கு எடுங்கள், மாதம் பத்து சதவீதம் குறையும் என்று அவர்களே ஆசை காட்டியபோது இருபதே போதும் என்று சொன்னது என் வாழ்நாளின் சில புத்திசாலித்தனங்களில் ஒன்று. முப்பதுக்குப் போயிருந்தால் வட்டி மட்டும் 190.

எனவே நல்ல கடன். எனக்கு வீடு தந்த கடன். ஐந்துக்கு இரண்டு நட்சத்திரம்.

பக்கத்து மேசை இளைஞரிடம் நேற்று இதையெல்லாம் சொன்னேன். பொறுமையாகக் கேட்டுவிட்டு, "அப்படியானால் எடுக்க வேண்டாம் என்கிறீர்களா, சார்?" என்றார். எடுங்கள் என்றேன். தவணை எவ்வளவு என்று கேட்பதை விட்டுவிட்டு, ஒவ்வோர் ஆண்டும் பாக்கித் தவணை எத்தனை என்று கேளுங்கள் என்றேன். தலையாட்டினார். அவர் கைப்பேசியில் ஏற்கெனவே ஏதோ ஒரு வங்கியின் தவணைக் கணிப்பான் திறந்திருந்தது. மாதம் எவ்வளவு என்பது பெரிய எழுத்தில், மொத்த வட்டி கீழே, விரலால் தள்ளினால்தான் தெரியும் இடத்தில்.

என் கணக்கு இன்று 82 பாக்கித் தவணையில் நிற்கிறது. நடுவில் பத்தாம் ஆண்டு இன்னொரு 2 போட்டேன். முதல் நாள் அட்டவணைப்படி 96 இருந்திருக்க வேண்டும், பதினான்கு மாதம் முந்திவிட்டேன்.

இதை எழுதிக்கொண்டிருக்கும்போதே ஒரு செய்தி வந்தது. வட்டி 10இலிருந்து 9.5 ஆகக் குறைக்கப்பட்டுள்ளதாம். தொடர்ந்து, உங்கள் மாதத் தவணையும் குறைக்கப்பட்டுள்ளது. மீதமுள்ள தவணைகளைப் பற்றி ஒரு சொல் இல்லை. நோட்டுப் புத்தகத்தை எடுத்துப் போட்டுப் பார்த்தேன். தவணையைப் பழையபடி வைக்கச் சொன்னால் எனக்குக் குறையப் போவது ஒன்றே முக்கால் தவணை. அதற்காகத் திங்கட்கிழமை அரை நாள் விடுப்புச் சொல்லியிருக்கிறேன்.