ஹெர்னியா பெல்ட்: சுங்கை சிப்புட் மருந்துக் கடைகளில் விற்பதை வாங்கலாமா?

மலேசியாவின் பேராக் மாநிலத்துச் சுங்கை சிப்புட் பட்டணத்தில் எந்த மருந்துக் கடையில் ஏறி "ஹெர்னியா பெல்ட் இருக்கா?" என்று கேட்டாலும் ஏதாவது ஒரு பெட்டியை எடுத்து நீட்டிவிடுவார்கள். அது சரியான பெட்டிதானா என்பது வேறு விஷயம். ஒரே தட்டில் நாலு விதமான சாமான் அடுக்கியிருக்கும்: முதுகுவலிக்குக் கட்டும் இடுப்புப் பட்டை, பிள்ளை பெற்றவர்கள் கட்டும் பெங்கோங் போன்ற அகல வயிற்றுப் பட்டை, விரைக்குத் தாங்கல் தரும் பை, கடைசியாக ஹெர்னியாவுக்கான, அதாவது குடலிறக்கத்துக்கான, நிஜமான பட்டை. எல்லாப் பெட்டியிலும் ஏறக்குறைய ஒரே படம்தான்.

பெட்டியைத் திறந்து பார்க்கச் சொல்லுங்கள். அடிவயிற்றின் ஓரத்தில் அழுந்தும் தனி மெத்தை இருக்க வேண்டும். அதைக் கீழே இழுத்துப் பிடிக்க, கால் இடுக்கு வழியாக வரும் வார் இருக்க வேண்டும். இரண்டில் ஒன்று இல்லையென்றாலும் வைத்துவிட்டு வாருங்கள். அகல வயிற்றுப் பட்டையை ஹெர்னியாவுக்கு என்று விற்பதுதான் மோசம். அது வயிற்றை நடுவில் பிழியும். உள்ளே ஏறும் அழுத்தம் பலவீனமான இடத்தைத் தேடிக் கீழே போகும். வாங்கிக் கட்டியவருக்குப் புடைப்பு பெரிதாகிவிட்டதே என்ற சந்தேகம் வேறு வரும்.

சரியான பட்டை என்றால், இரண்டு பக்கமும் மெத்தை வைத்து, வேண்டாத பக்கத்து மெத்தையைக் கழற்றிவிடும்படி தைத்த எலாஸ்டிக் வகையை எடுங்கள். ஒரு பக்க வகையில் வலது, இடது என்று தனித்தனியாக வரும். கடைப்பையன் மாற்றி எடுத்துத் தருவதற்கு வாய்ப்பு அதிகம். எஃகு வில் வைத்த பழைய காலத்துப் பட்டையை யாராவது வீட்டில் வைத்திருந்து கொடுத்தால் வாங்காதீர்கள். இன்னொருவர் உடம்புக்கு வளைந்த வில் உங்கள் உடம்பில் சரியாக உட்காராது.

இந்தப் பட்டையால் பயன் பெறுபவர் யார்? கவட்டில் குடல் இறங்கி, படுத்தால் தானாக உள்ளே போய்விடும் நிலையில் இருப்பவர். ஆபரேஷனுக்குத் தேதி வாங்கிவிட்டுக் காத்திருப்பவர். இதயம், நுரையீரல் காரணமாக ஆபரேஷன் இப்போதைக்கு வேண்டாம் என்று டாக்டரே சொன்னவர். மற்றவர்களுக்கு இது வீண் செலவு. சிலருக்கு ஆபத்து.

நீங்கள் எந்த வகை என்பதைக் கடைக்காரர் சொல்ல முடியாது. அரசாங்கச் சுகாதார நிலையமான கிளினிக் கெசிஹாத்தானில் குடிமக்களுக்கு ஒரு வெள்ளி (ரிங்கிட்) தான். அங்கே பார்த்துவிட்டு ஈப்போவுக்கோ கோலகங்சாருக்கோ எழுதிக் கொடுக்கும் கடிதத்தில் ஒரு வரி இருக்கும்: 'ஆர்.ஐ.எச்., ரெடியூசிபிள்'. வலது பக்க இங்குவினல் ஹெர்னியா, அதாவது கவட்டுக் குடலிறக்கம், உள்ளே தள்ளினால் போகிறது என்று பொருள். இடது பக்கம் என்றால் முதல் எழுத்து எல். பட்டை வாங்கலாமா கூடாதா என்பதற்கு அந்த ரெடியூசிபிள் என்ற சொல்தான் அனுமதிச் சீட்டு. அதற்கு முன்னால் 'இர்' என்று ஒட்டியிருந்தால், குடல் வெளியில் மாட்டிக்கொண்டு உள்ளே போக மறுக்கிறது. அதன்மேல் மெத்தையை வைத்து அழுத்துவது குடலையே நசுக்குவதற்குச் சமம். 'ஃபெமோரல்' என்று எழுதியிருந்தாலும் பட்டையை மறந்துவிடுங்கள். அது கவட்டு மடிப்புக்குக் கீழே, தொடையின் மேல்புறம் வருவது. ஆண்களைவிடப் பெண்களுக்கே இந்த வகை கூடுதலாக வரும். வாய் குறுகலாக இருப்பதால் குடல் சிக்கி இறுகும் வாய்ப்பு அதிகம். தோட்டத்தில் மருந்தடிக்கும் வேலையிலும் புல்வெட்டு வேலையிலும் இருக்கும் அக்காமார், "சின்னக் கட்டிதானே" என்று பல மாதம் தள்ளிப்போடுவது இதைத்தான்.

விரையில் நீர் கோத்துக்கொள்வதையும் தோட்டத்தில் 'குடல் இறங்கிடுச்சி' என்றே சொல்லிவிடுகிறார்கள். பெரியவர்களுக்கு நீர் கோத்தது பெரும்பாலும் படுத்தாலும் அப்படியே இருக்கும். அதற்கு ஹெர்னியா பட்டை எந்த விதத்திலும் உதவாது.

இனி மெத்தை உட்கார வேண்டிய இடம். பட்டை வாங்கியவர்கள் பெரும்பாலும் தவறுவது இங்கேதான். புடைப்பு தெரியும் இடத்தில், அதாவது விரைப்பையின் மேல்பக்கம், மெத்தையை வைத்துக் கட்டுவார்கள். கதவைத் திறந்து போட்டுவிட்டு வாசற்படியில் காவல் நிற்கிற கதை அது. குடல் வெளியே வரும் வழி ஒரு சாய்வான சுரங்கம். பெரியவர்களுக்கு ஏறத்தாழ 4 சென்டிமீட்டர் நீளம். அதன் உள்வாய் மேலே, வெளிப்பக்கமாக இருக்கிறது. வெளிவாய் கீழே, நடுவை ஒட்டி இருக்கிறது. மெத்தை மூட வேண்டியது மேலே இருக்கும் உள்வாயிலிருந்து தொடங்கும் வழியை.

இடம் கண்டுபிடிக்க அளவுகோல் வேண்டாம். மல்லாக்கப் படுத்து, இடுப்பெலும்பின் முன்முனையைத் தொடுங்கள். மெலிந்தவர்களுக்கு அது முட்டிக்கொண்டே நிற்கும். அடுத்து, ஆணுறுப்புக்கு மேலே நடுவிலிருந்து இரண்டு விரல் தள்ளி, எலும்பில் ஒரு சின்ன முண்டு தட்டுப்படும். இந்த இரண்டையும் இணைத்து ஒரு கோடு போட்டதாக நினைத்துக்கொள்ளுங்கள். அதுதான் கவட்டு மடிப்பு ஓடும் திசை. அந்தக் கோட்டின் நடுப்புள்ளிக்கு ஒரு விரல் அகலம் மேலே உள்வாய். மெத்தையின் வெளி நுனி அங்கே தொடங்கி, உள் நுனி முண்டை நோக்கிச் சரிந்து வர வேண்டும். முதல் நாள் பேனாவால் ஒரு புள்ளி வைத்துக்கொண்டால் குழப்பம் வராது. நடுவயதுக்கு மேல் வரும் இன்னொரு வகையில் குடல் இந்தச் சுரங்கத்தின் பின்சுவரையே நேராகத் தள்ளிக்கொண்டு வரும்; அதற்கு மெத்தை முண்டுக்குச் சற்று நெருக்கமாக இறங்க வேண்டும். எது என்பதை டாக்டரிடம் ஒரு வார்த்தை கேட்டுக்கொள்ளுங்கள்.

பட்டையைக் கட்ட வேண்டியது படுக்கையில், காலையில் எழுந்து நிற்பதற்கு முன்பு. முழங்காலை மடக்கி, இடுப்புக்கு அடியில் ஒரு தலையணை வைத்து ஐந்து பத்து நிமிடம் படுத்திருங்கள். பலருக்கு அதுவே போதும்; குடல் தானாக நழுவி உள்ளே போய்விடும். மிச்சம் இருந்தால் விரல் நுனிகளால் மெதுவாக மேல்நோக்கி, வெளிப்பக்கமாக நகர்த்தலாம். பலம் கொடுக்க வேண்டியிருந்தால் நிறுத்திவிடுங்கள். முழுசாகப் போன பிறகே மெத்தை, பிறகு இடுப்பு வார், கடைசியில் கால் வார். படுத்தபடியே ஒரு தடவை இருமுங்கள். எழுந்து நின்று இன்னொரு தடவை இருமுங்கள். மெத்தைக்குக் கீழே எதுவும் புடைக்கவில்லையென்றால் சரி. புடைத்தால், நின்றபடி மெத்தையை இழுத்துச் சரிசெய்யக் கூடாது. குடல் மெத்தைக்கும் எலும்புக்கும் நடுவில் சிக்கும். மறுபடி படுத்து, முதலிலிருந்து.

இறுக்கம் எவ்வளவு? பட்டைக்கும் தோலுக்கும் இடையே ஒரு விரல் நுழைய வேண்டும். கழற்றிய அரை மணி நேரத்துக்குப் பிறகும் சிவந்த தடம் மறையாமல் இருந்தால் இறுக்கம் அதிகம். தொடையின் உள்பக்கமோ விரைப்பையின் மேல்பக்கமோ மரத்துப்போனால் அங்கே ஓடும் நரம்பு நசுங்குகிறது. இரவில் கட்டாயம் கழற்றிவிட வேண்டும். மாதக்கணக்கில் இறுக்கிக் கட்டியவர்களுக்கு மெத்தைக்கு அடியில் தசை மெலிந்து, திசுக்கள் ஒன்றோடொன்று ஒட்டிக்கொள்வதும் உண்டு.

அளவு விஷயத்தில் காற்சட்டை நம்பரைச் சொல்லி வாங்காதீர்கள். 34 இன்ச் சிலுவார் போடுபவர் 86 சென்டிமீட்டர் என்று கணக்குப் போட்டுச் சின்ன பெட்டியை எடுத்துவிடுவார். பெரும்பாலான பட்டைகளுக்கு அளவு எடுக்க வேண்டியது தொப்புள் பக்கம் இல்லை. இடுப்பெலும்பின் மேல்விளிம்புக்கும், தொடையின் பக்கவாட்டில் எலும்பு துருத்தும் இடத்துக்கும் நடுவே நாடாவைச் சுற்ற வேண்டும். அங்கே அளந்தால் 95, 100 என்றுகூட வரும். பெட்டியின் பின்னால் இருக்கும் படத்தில் நாடா எங்கே சுற்றியிருக்கிறது என்று பார்த்துவிட்டே எண்ணைப் பாருங்கள்.

தோட்ட வேலைக்கு இது எப்படி? இங்கேதான் இந்தச் சாமானின் தரம் கீழே இறங்குகிறது. எலாஸ்டிக்கும் நுரை மெத்தையும் வேர்வையைக் குடித்துக்கொண்டு காயாமல் கிடக்கும். ரப்பர் பூட்டும் தடித்த சிலுவாரும் சேர்ந்தால் சில வாரத்தில் கவட்டில் படர்தாமரை வட்டம் வட்டமாகக் கிளம்பும். மெல்லிய பருத்தி ஜட்டிக்கு மேலே கட்டுங்கள், நேராகத் தோலில் வேண்டாம். முன்பக்கம் திறப்புள்ள ஜட்டியாக இருந்தால் மூத்திரம் போக வாரை அவிழ்க்க வேண்டியதில்லை. இது அற்ப விஷயமாகத் தெரியும். ஆனால் செம்பனைக் காட்டு நடுவில் வாரை அவிழ்த்தால், திரும்பக் கட்டுவதற்கு மல்லாக்கப் படுக்க இடம் எங்கே இருக்கிறது? குத்துக்காலிட்டு உட்கார்ந்து எழும்போது மெத்தை மேலே ஏறிக்கொள்வது இன்னொரு தொல்லை. கால் வார் தளர்ந்திருந்தால் அப்படித்தான் ஆகும்.

இரண்டு பட்டை வாங்கி மாற்றி மாற்றிக் கட்டுவது நல்லது. மெத்தையைக் கழற்றிவிட்டு, சாதா சவர்க்காரத்தில் கையால் கசக்கி, முறுக்காமல் நிழலில் போடுங்கள். குளோரோக்ஸும் சுடுதண்ணீரும் எலாஸ்டிக்கைத் தின்றுவிடும். ஒட்டுப் பட்டையில் (வெல்குரோ) சேரும் பஞ்சை ஊசியால் எடுத்துவிட்டால் பிடிப்பு திரும்பும். இழுத்துவிட்டால் பழைய நீளத்துக்குச் சுருங்காத பட்டை வெறும் துணிதான். அதைத் தூக்கிப் போடலாம்.

பட்டை கட்டியிருக்கிறோம் என்ற தைரியத்தில் செம்பனைக் குலை தூக்குவது தப்புக் கணக்கு. முற்றிய மரத்துக் குலை 10 முதல் 25 கிலோ வரை சாதாரணமாக இருக்கும். மூச்சைப் பிடித்து அதை லோரியில் எறியும் நொடியில் வயிற்றுக்குள் ஏறும் அழுத்தத்தை இந்த எலாஸ்டிக் தடுக்காது. வேலையை மேற்பார்க்கும் மண்டோரிடம், இலேசான வேலை கொடுக்கும்படி டாக்டர் எழுதிக் கொடுத்த லைட் டியூட்டி கடிதத்தைக் காட்டுங்கள். தீராத இருமல், மலச்சிக்கல், வயதானவர்களுக்கு மூத்திரம் முக்கி முக்கிப் போவது ஆகிய மூன்றையும் அப்படியே விட்டுவிட்டு எத்தனை விலைக்குப் பட்டை வாங்கினாலும் குடல் மறுபடி இறங்கத்தான் செய்யும்.

பெட்டியில் எழுதாத ஒன்று உண்டு. புடைப்பு திடீரென்று கெட்டியாகி, உள்ளே போக மறுத்து, வலி ஏறிக்கொண்டே போனால் பட்டையை உடனே கழற்றிவிடுங்கள். மேலே தோல் சிவந்தாலோ கறுத்தாலோ, வாந்தி வந்தாலோ, காற்றும் மலமும் வெளியேறாமல் நின்றாலோ குடலுக்கு ரத்தம் போவது நின்றுகொண்டிருக்கலாம். எண்ணெய் போட்டு உருவக் கூடாது, வெந்நீர் ஒத்தடம் கூடாது, உள்ளே தள்ளிப் பார்க்கக் கூடாது. சாப்பாடும் தண்ணீரும் கொடுக்காமல் 999 அழையுங்கள், இல்லையென்றால் காரில் ஏற்றி நேராக அவசரப் பிரிவுக்குப் போங்கள். இது மணிக்கணக்கில் குடல் அழுகிப் போகும் விஷயம். உருவு பார்க்கும் பெரியவர் வீட்டில் உட்கார்ந்து கழிக்கும் நேரத்தைத் திரும்பப் பெற முடியாது.

இதைப் படித்துவிட்டு எல்லோரும் பயப்படத் தேவையில்லை. வலி அதிகம் இல்லாத ஆண்கள் 720 பேரை வைத்து வட அமெரிக்காவில் நடத்தி 2006இல் வெளியான ஆய்வில், ஆபரேஷன் செய்யாமல் கண்காணித்தவர்களில் குடல் திடீரென்று சிக்கியது ஆண்டுக்கு ஆயிரம் பேருக்கு இரண்டு பேருக்கும் குறைவு. ஆனால் பத்து ஆண்டு முடிவதற்குள் அவர்களில் மூன்றில் இரண்டு பங்கினர், பெரும்பாலும் வலி தாளாமல், ஆபரேஷனுக்கே போய்விட்டார்கள். காத்திருக்கலாம்; ஆனால் காத்திருந்தே காலத்தைக் கடத்திவிடலாம் என்று நினைப்பதற்கில்லை.

இத்தாலியில் எதுவார்தோ பாசினி தன் தையல் முறையை 1887இல் அறிவிக்கும் வரை பெரும்பாலோருக்குப் பட்டைதான் வைத்தியம். இழுத்துத் தைத்த தசை பிரிந்து குடல் மறுபடி இறங்குவது அதன்பின்னும் தொடர்ந்தது. 1980களில் லாஸ் ஏஞ்சலஸில் லிக்டென்ஸ்டைன் குழுவினர், இழுக்காமல் பாலிப்ரொபிலீன் வலை வைத்துத் தைக்கும் முறையைப் பரப்பிய பிறகு நிலைமை மாறியது. இப்போது பலர் அதே நாளிலோ மறுநாளோ வீட்டுக்கு வந்துவிடுகிறார்கள். அரசாங்க மருத்துவமனை நிபுணரைப் பார்க்கக் குடிமக்களுக்கு 5 வெள்ளி. பட்டையின் விலையோடு ஒப்பிட்டுப் பார்த்துக்கொள்ளுங்கள்.

கைக்குழந்தைகளுக்கு என்று சின்ன அளவு கேட்டு வருபவர்கள் உண்டு. தொப்புள் புடைப்பு பெரும்பாலும் நாலைந்து வயதுக்குள் தானாக மூடிக்கொள்ளும். காசு வைத்துக் கட்டுவது தோலைப் புண்ணாக்கும். கவட்டில் இறங்கியது தானாக மூடாது. அதற்குப் பட்டை கிடையாது, குழந்தை அறுவை நிபுணரைப் பார்த்தே ஆக வேண்டும்.

ஆபரேஷன் முடிந்து வந்தவருக்கு மறுபடி ஒரு பெட்டியை நீட்டும் கடைகளும் உண்டு. வலை வைத்த பிறகு, சர்ஜன் தனியாகச் சொன்னாலொழிய, பட்டை தேவையில்லை. மெத்தை தையல்மேல் உரசுவதுதான் மிச்சம். அன்றைக்கே எழுந்து நடக்கலாம், ஒன்றிரண்டு வாரத்தில் இலேசான வேலை செய்யலாம். குலை, குலை அறுக்கும் நீண்ட கழியான கலா, தள்ளுவண்டி எல்லாம் நான்கு முதல் ஆறு வாரம் கழித்துத்தான். எம்.சி. தாளில், அதாவது மருத்துவ விடுப்புச் சீட்டில், அதைவிடக் குறைவாக இருந்தால், தையல் பார்க்கப் போகும் நாளில் நீங்கள் செய்யும் வேலை என்னவென்று சொல்லி நீட்டித்துக் கேளுங்கள். 'தோட்டத் தொழிலாளி' என்று மட்டும் எழுதிக்கொள்ளும் டாக்டருக்குக் குலையின் எடை தெரிந்திருக்க வேண்டும் என்பதில்லை.