தூவானம் அருவிக் குளியல் என்று விற்கும் ஜீப் டூர்: முன்பணம் கட்டும் முன் படித்துவிடுங்கள்

உடுமலையிலிருந்து சின்னாறு வழியாக மறையூர் போகிறவர்களுக்காக இந்தப் பதிவு. "தூவானம் அருவி வரை ஜீப், அருவிக் குளியல், பாம்பாற்றங்கரையில் மதியச் சாப்பாடு" என்று வாட்ஸ்அப்பில் ஒரு விளம்பரம் சுற்றுகிறது. ஆளுக்கு 1,400 ரூபாய், பாதி முன்பணம். ஆறு பேர் கட்டினோம். கிடைத்தது சாலையோரத்தில் பத்து நிமிட நிறுத்தம். எதிரே தூரத்தில் வெள்ளை நூல் தொங்குகிற மாதிரி அருவி. "இங்கிருந்தே நல்லாத் தெரியுதுங்களேண்ணா" என்றார் ஓட்டுநர்.

அருவி வரை ஜீப் என்பதே பொய். தூவானத்துக்கு வண்டித் தடம் கிடையாது. அருவி இருப்பது சின்னாறு வனவிலங்கு சரணாலயத்துக்குள். கேரள வனத்துறையில் சீட்டு வாங்கி, அவர்கள் அனுப்பும் வழிகாட்டியோடு நடந்துதான் போக முடியும். இந்த நடை தொடங்கும் ஆலம்பெட்டி, சின்னாறு செக்போஸ்ட்டுக்கும் மறையூருக்கும் இடையில் இதே சாலையில் வருகிறது. உடுமலை–மூணாறு பஸ்கள் இந்த வழியாகத்தான் போகின்றன, ஜீப்பே தேவையில்லை.

ஆற்றிலும் ஏமாற்று. சாப்பாட்டுக்கு இறக்கிவிட்டது செக்போஸ்ட் பாலத்துக்குப் பக்கத்தில், "இதுதான் பாம்பாறு" என்று சொல்லி. அங்கே ஓடுவது சின்னாறு. குமரிக்கல் மலையில் பிறந்து, கொஞ்ச தூரம் இரு மாநில எல்லையாகவே ஓடிவரும் ஆறு அது. பாம்பாறு ஆனைமுடிப் பக்கம் பிறந்து, மறையூர்ப் பள்ளத்தாக்கைத் தாண்டி, தூவானத்தில் விழுந்து வருகிறது. இரண்டும் கூட்டாறு என்ற இடத்தில் சேர்ந்து, தமிழ்நாட்டுக்குள் அமராவதி ஆகின்றன. கேரளத்தில் கிழக்கே ஓடும் ஆறுகள் மூன்றே மூன்று: கபினி, பவானி, பாம்பாறு.

பெயர் மாறினால் என்ன என்று விட்டுவிடலாம். ஆனால் வழிகாட்டி இல்லாமல் அந்தக் கரையில் உட்கார வைத்ததை விட முடியாது. நீர்மருது நிழல், வழுவழுப்பான பாறை, சில்லென்ற தண்ணீர் எல்லாம் உண்மைதான். கீழே அமராவதி அணையில் இருக்கும் முதலைகள் ஆற்றிலும் உண்டு. பாறை நிறத்திலேயே படுத்திருக்கும், அசைந்தால்தான் தெரியும். வெயில் சாய்ந்தால் யானை தண்ணீருக்கு இறங்கும். அனுமதியில்லாமல் சரணாலயத்துக்குள் நுழைவது 1972 வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டம் 27ஆம் பிரிவின்படி குற்றம். மாட்டினால் வழக்கு நம் மேலும் பாயும். ஜீப்காரர் "கஸ்டமர்தான் இறங்கச் சொன்னாங்க" என்பார்.

தண்ணீர் விஷயம் இன்னும் மோசம். சின்னாறு மழை மறைவுப் பகுதி. முள்காடு, ஜூலையிலும் வானம் வெளுத்துக் கிடக்கும். அதே நேரம் மேலே ஆனைமுடிப் பக்கம் தென்மேற்குப் பருவமழை கொட்டும். தலைக்கு மேல் ஒரு துளி விழாமலேயே ஆறு ஏறிவிடும். தெளிந்த தண்ணீர் டீ நிறத்துக்கு மாறுவது, சருகும் சுள்ளியும் திரளாக மிதந்து வருவது, இரைச்சல் கனப்பது இவைதான் அடையாளம். ஒன்றைக் கண்டாலும் பாத்திரம் பண்டத்தை விட்டுவிட்டு மேலே ஏறிவிடுங்கள். கோடையில் பயம் வேறு மாதிரி: ஆறு மடுமடுவாகச் சுருங்கும், ஓரப் பாறையில் பாசி, நடுவில் ஆள் ஆழப் பள்ளம். முள்காட்டில் உண்ணி ஏறும். முழுக்கால் பேன்ட் போட்டு, அடியைச் சாக்ஸுக்குள் செருகிக்கொள்ளுங்கள். ஆளுக்கு இரண்டு லிட்டர் தண்ணீர் வேண்டும். பாட்டில் உலோகமாக இருக்கட்டும், உடுமலைப் பக்கம் தமிழ்நாடு வனத்துறையின் ஒன்பதாறு செக்போஸ்ட்டில் பிளாஸ்டிக்கைத் தேடுவார்கள்.

எங்களுக்குத் தந்த "பாரஸ்ட் டிக்கெட்" மளிகைக்கடை பில் புத்தகத்தில் கிழித்த ரோஸ் தாள். வரிசை எண் இல்லை, முத்திரை இல்லை, "தூவானம் 6" என்று பால்பாயிண்டில் ஒரு கிறுக்கல். எவ்வளவு குறைவாகக் கேட்டாலும் வனத்துறைக் கட்டணத்தை இடையில் நிற்கும் ஆளிடம் கட்டாதீர்கள்; கவுண்டரில் நேரில் கட்டுங்கள். அன்று நடை உண்டா என்பதையும் அங்கேயே கேட்டுவிடலாம். காட்டுத்தீ பயம் இருந்தாலோ ஆறு பெருகினாலோ அனுமதி தரமாட்டார்கள். அந்த நாட்களிலும் இந்த விளம்பரம் வந்துகொண்டேதான் இருக்கிறது.

ஏற்கெனவே பணம் அனுப்பியிருந்தால் யுபிஐ பரிவர்த்தனை எண், விளம்பரத்தின் ஸ்கிரீன்ஷாட், ஜீப்பின் பதிவெண் மூன்றையும் எடுத்து வைத்துக்கொண்டு சைபர் மோசடி உதவி எண் 1930க்கு உடனே அழையுங்கள். நாங்கள் ஜீப்பின் முன்பக்கத்தைப் படம் எடுத்திருந்தோம். நம்பர் பிளேட்டை மாலை போட்டு மறைத்திருந்தார்கள். பின்பக்கத்தை எடுங்கள்.