மெக்சிகோ சிவப்புச் சாதத்துக்கு அச்சியோத்தே: விதையா, கட்டியா, பொடியா?

சமையலுக்குச் சிவப்பு நிறம் கொடுக்கிற அச்சியோத்தே இந்த மூன்று வடிவத்திலும் கிடைக்கிறது. முடிவை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். சாதத்துக்கு விதைதான். கட்டியை இறைச்சிக்கு வைத்துக்கொள்ளுங்கள். பொடியை வாங்கவே வேண்டாம். இது போதும் என்பவர்கள் இத்தோடு கிளம்பிவிடலாம், ஏன் என்று கேட்பவர்களுக்குக் கொஞ்சம் நீளமாகவே சொல்ல வேண்டியிருக்கிறது.

அன்னாட்டோ என்று மற்ற ஊர்களில் அறியப்படும் இதை மெக்சிகோவில் அச்சியோத்தே என்று கேட்டால்தான் எடுத்துத் தருவார்கள். பிக்ஸா ஒரெல்லானா என்ற சிறு மரம். அதன் காய் முழுக்க மென்மையான முள், பிளந்தால் உள்ளே செங்கல் நிறத்தில் பொடிப்பொடி விதைகள். நிறமெல்லாம் விதையின் மேலே ஒட்டியிருக்கும் மெல்லிய பூச்சில்தான் இருக்கிறது, உள்ளே ஒன்றும் கிடையாது. ஆரஞ்சு நிற செடார் சீஸ் சாப்பிட்டிருக்கிறீர்களா, அப்படியானால் இதையும் ஏற்கெனவே சாப்பிட்டிருப்பீர்கள். லேபிளில் இ160பி (E160b) என்ற உணவு நிற எண் இருந்தால் அது இதுதான். ஸ்பானியர்கள் வருவதற்கு முன்பே மெக்சிகோவை ஆண்ட அஸ்டெக்குகள் கொக்கோ பானத்தில் இதைக் கலந்து சிவக்கச் சிவக்கக் குடித்திருக்கிறார்கள், ஆக சீஸ்காரர்கள் ரொம்பப் பிந்தி வந்தவர்கள்.

தென்கிழக்கு மெக்சிகோவில் யூகதான் மாநிலத் தலைநகரான மெரிதாவில் இருக்கும் லூகாஸ் தே கால்வெஸ் சந்தைக்குப் போனால் எல்லா வடிவத்திலும் கிடைக்கும். யூகதான் சமையலே ரெகாடோ எனப்படும் அரைத்த மசாலா விழுதுகளின் மேல்தான் நிற்கிறது. அச்சியோத்தே சேர்த்த சிவப்பு ரெகாடோ, மிளகாயைக் கருக்கி அரைத்த கறுப்பு ரெகாடோ, இன்னும் வேறு நிறங்கள் என்று குவித்து வைத்திருப்பார்கள், வேண்டிய அளவு எடை போட்டுத் தருவார்கள். அந்தச் சிவப்பு ரெகாடோவைத்தான் கட்டியாக அழுத்தி, சின்ன அட்டைப் பெட்டியில் போட்டு, மெக்சிகோ முழுக்க சூப்பர்மார்க்கெட்டுகளில் விற்கிறார்கள். விதை தனியாகப் பொட்டலமாக வரும். பொடியும் வரும்.

சரி, சாதத்துக்கு வருவோம். பெயரைப் பார்த்துவிட்டு சிவப்பரிசி தேட வேண்டாம், அரிசி வெள்ளை அரிசிதான். இன்னொன்று, மெக்சிகோ நகரத்திலோ புயெப்லாவிலோ அரோஸ் ரோஹோ, அதாவது சிவப்புச் சாதம், என்று கேட்டு வாங்கினால் அதில் பெரும்பாலும் அச்சியோத்தே இருக்காது. அங்கே அந்தச் சிவப்பு தக்காளியால் வருவது. அச்சியோத்தே தெற்கிலும் தென்கிழக்கிலும் புழங்கும் சரக்கு: யூகதான், காம்பெச்சே, தபாஸ்கோ, சியாபாஸ் பக்கம். ஆகவே "அசல் மெக்சிகோ சாதத்தின் ரகசியப் பொருள்" என்று பொட்டலத்தின் பின்புறம் அச்சடித்திருந்தால் ஒரு சிரிப்போடு கடந்து போய்விடுங்கள். அதற்காக இதைச் சேர்ப்பது தப்பு என்று சொல்ல மாட்டேன். தக்காளி மட்டும் போட்ட சாதம் வெந்து முடிக்கும்போது வெளிறிப்போய் இளஞ்சிவப்பில் நிற்கும், அதிலும் நன்றாகப் பழுக்காத தக்காளி என்றால் கேட்கவே வேண்டாம். அங்கே அச்சியோத்தே எண்ணெய் உண்மையிலேயே கை கொடுக்கிறது. நிறம் ஆழமாகிறது, பின்னால் லேசாக ஒரு மண் வாசமும் மிளகு போன்ற ஒரு சாயலும் வருகிறது. ஆனால் தக்காளியை எடுத்துவிட்டு அந்த இடத்தில் இதைப் போட்டால் தட்டில் பார்க்க அமர்க்களமாக இருக்கும், வாயில் வைத்தால் சாதம் ஊமையாக இருக்கும். நிறத்துக்கு இது, ருசிக்குத் தக்காளியும் பூண்டும் நல்ல கோழிச் சாறும். இந்தப் பங்கீட்டைக் கலைத்துவிட்டு மசாலாவைக் குறை சொல்லி விமர்சனம் எழுதுகிறவர்கள் நிறையப் பேர் இருக்கிறார்கள்.

விதையைப் பற்றி. வாங்கும்போது நிறத்தைப் பாருங்கள், செங்கல் சிவப்பாக இருக்க வேண்டும். பழுப்பேறி மங்கியிருந்தால் பழைய சரக்கு. ஒன்றிரண்டை விரல்களுக்கு நடுவே வைத்துத் தேய்த்தால் கையில் நிறம் ஒட்ட வேண்டும், ஒட்டவில்லை என்றால் சமையலிலும் ஒன்றும் இறங்காது. நான் வாங்கிய பொட்டலம் இந்தச் சோதனையில் தேறியது, அடியில் கொஞ்சம் தூசியும் குச்சியும் கிடந்தது, சலித்துவிட்டால் போயிற்று. இந்த விதையில் நிறம் தருவது பிக்ஸின் என்ற பொருள், அது கொழுப்பில்தான் நன்றாகக் கரையும். தண்ணீரில் போட்டு எவ்வளவு கொதிக்கவிட்டாலும் அரைகுறையாகத்தான் வரும். ஆகவே எண்ணெய்.

ஒரு கப் அரிசிக்கு இரண்டு மேசைக்கரண்டி எண்ணெய், ஒரு தேக்கரண்டி விதை. எண்ணெயும் விதையும் ஒன்றாகவே சட்டியில் போய் மிகக் குறைந்த தீயில் உட்காரட்டும். விதையைச் சுற்றிச் சின்னக் குமிழ்கள் வரத் தொடங்கியதும் எண்ணெய் மஞ்சளாகி, ஆரஞ்சாகி, பிறகு திடீரென்று கருஞ்சிவப்பை நோக்கி ஓடும். அங்கேயே அடுப்பை அணைத்துவிட வேண்டும். மூன்று நான்கு நிமிட வேலை, ஆனால் அந்த நேரத்தில் போனை எடுத்துப் பார்க்கக் கூடாது. சூடு மிஞ்சினால் விதை கறுத்துப்போய், ஏறிய நிறம் மறுபடியும் வெளிறிய மஞ்சளாக இறங்கிவிடும், கூடவே கசப்பும் சேரும். அந்த எண்ணெயைக் காப்பாற்ற வழியே இல்லை, கொட்டிவிட்டுப் புதிதாகத் தொடங்குவதுதான். நன்றாக வந்த எண்ணெயை வடிகட்டி விதையை எறிந்துவிடுங்கள். "ஒன்றிரண்டு விதை கிடந்தால் என்ன" என்று சாதத்தில் விட்டுவிடாதீர்கள், அது வேகாது, மென்று பார்த்தால் பல்லுக்கடியில் கல்தான். மிக்சியில் போட்டு அரைத்துவிடலாம் என்று பார்த்தாலும் ஜாருக்குள் சடசடவென்று சத்தம் வரும், மாவு வராது.

இனி சாதம். தக்காளி சாதம் மாதிரிதானே என்று நினைத்து ஆரம்பித்தால் வழி மாறிவிடும், ஏனென்றால் இங்கே தாளித்து வதக்கிய தக்காளியில் சோற்றைக் கிளறுவதில்லை, பச்சை அரிசியையே முதலில் எண்ணெயில் வறுக்க வேண்டும். நீண்ட அரிசி வாங்குங்கள். மொரெலோஸ் மாநிலத்து அரிசி கைக்குக் கிடைத்தால் விடாதீர்கள், பருத்த மணி, நடுவில் வெள்ளை வயிறு, சாற்றை நன்றாகக் குடித்தும் உடையாது; 2012-ல் புவிசார் குறியீடு வாங்கிய அரிசி அது. தண்ணீர் தெளியும்வரை கழுவி, சல்லடையில் போட்டு நன்றாக வடியவிட வேண்டும், இந்த வடியவிடுவதில் அவசரப்பட்டால் அரிசி வறுபடாமல் ஆவியில் வேகத் தொடங்கி ஒன்றோடொன்று ஒட்டிக்கொள்ளும். பிறகு அந்தச் சிவப்பு எண்ணெயை மிதமாகச் சூடாக்கி அரிசியைப் போட்டுக் கிளறிக்கொண்டே இருங்கள். நிறம் ஒவ்வொரு மணியிலும் ஏறுவது கண்ணுக்குத் தெரியும். கரண்டி ஓட்டும்போது மணலைக் கிளறுகிற மாதிரி சரசரவென்று சத்தம் கேட்டால் சரியான பதம். தீயை ஏற்றாதீர்கள், எண்ணெய்க்குச் சொன்னதே இங்கேயும்.

இதற்குள் நன்றாகப் பழுத்த தக்காளி இரண்டு, கால் வெங்காயம், ஒரு பல் பூண்டு எல்லாவற்றையும் பச்சையாகவே அரைத்து வடிகட்டி ஒரு கப் அளவுக்கு எடுத்து வைத்திருக்க வேண்டும். அதை அரிசியில் ஊற்றினால் சீறும். அந்த விழுது சுண்டி, நிறம் கொஞ்சம் கருத்து, பச்சை வாசம் போகும்வரை விட்டு, அதற்கப்புறம்தான் சூடான கோழிச் சாறு ஒரு கப்பிலிருந்து ஒன்றேகால் கப் வரை, உப்பு, முழு செரானோ மிளகாய் ஒன்று, கொத்தமல்லிக் கொத்து ஒன்று. கேரட்டும் பட்டாணியும் விருப்பம். கொதி வந்ததும் மூடி, தீயைத் தணித்து, கால் மணி நேரத்துக்கு மேல் கொஞ்சம். நடுவில் திறந்து கிளறுவது கண்டிப்பாகக் கூடாது. அணைத்த பிறகும் பத்து நிமிடம் மூடியே கிடக்கட்டும். அப்புறம் முள்கரண்டியால் மெல்லக் கோதிவிட்டால் மணி மணியாக, ஆரஞ்சும் சிவப்பும் கலந்த ஒரு நிறத்தில் வரும். உணவகப் படங்களில் வருகிற இரத்தச் சிவப்பு வேண்டும் என்றால் அச்சியோத்தேயால் ஆகாது. அதற்கு ஊறவைத்த குவாஹியோ மிளகாய் ஒன்றைத் தக்காளியோடு சேர்த்து அரைக்க வேண்டும், நான் அதையும் செய்து பார்த்தேன், நன்றாகவே இருந்தது, ஆனால் அது வேறு சாதம்.

மெக்சிகோவின் மதிய உணவுக் கடைகளில் இந்தச் சாதம் குழம்போடு பிசைய வருவதில்லை. கொமீதா கொர்ரீதா என்ற அன்றைய சாப்பாட்டில் முதலில் சூப், அடுத்து "உலர்ந்த சூப்" என்ற கணக்கில் இந்தச் சாதம் தனித் தட்டில், அப்புறம்தான் கறி. அதனால்தான் சாதம் தனியாகத் தின்றாலே ருசிக்க வேண்டும் என்று இவ்வளவு வறுத்து, இவ்வளவு சாறு ஊற்றிச் செய்கிறார்கள். நிறத்தை மட்டும் கவனித்தால் இந்த இடத்தில் மாட்டிக்கொள்வோம்.

கட்டி. இதைத் திட்ட எனக்கு மனம் வரவில்லை, ஏனென்றால் இது செய்ய வந்த வேலையை அருமையாகச் செய்கிறது. அச்சியோத்தேயோடு பூண்டு, ஓரிகானோ, மிளகு, சீரகம், கிராம்பு, வினிகர், உப்பு எல்லாம் சேர்ந்த விழுது அது. கசப்பு நாரத்தை வகை ஆரஞ்சின் சாற்றில் கரைத்துப் பன்றி இறைச்சியில் தடவி, வாழை இலையில் சுற்றி மெதுவாக வேகவைத்தால் கொச்சினீத்தா பிபில், அதற்கு ஈடு கிடையாது. ஆனால் சாதத்தில் போட்டால் கிராம்பும் ஓரிகானோவும் வினிகரும் முன்னால் வந்து நின்றுகொண்டு தக்காளியைப் பேசவே விடுவதில்லை. வாயில் லேசான மாவுத்தன்மையும் தெரிந்தது, சில கட்டிகளில் சோள மாவு சேர்ப்பதுண்டு. உப்பும் அதிகம். நான் வாங்கிய பெட்டியில் "எக்ஸெசோ சோடியோ" (சோடியம் அதிகம்) என்ற கறுப்பு எண்கோண முத்திரை பளிச்சென்று இருந்தது. 2020 அக்டோபரிலிருந்து மெக்சிகோவில் உப்பு, சர்க்கரை, கொழுப்பு மிஞ்சிய பொட்டல உணவுகளில் இந்த முத்திரை கட்டாயம், கடையில் பொருளைத் தேர்ந்தெடுக்க இதைவிட எளிய உதவி இல்லை. விதைப் பொட்டலத்தில் அப்படி எதுவும் இல்லை, ஏனென்றால் அதில் விதை மட்டும்தான். வீட்டில் கட்டிதான் இருக்கிறது, விதைக்கு வழியில்லை என்றால் ஒரு கப் அரிசிக்குச் சுண்டைக்காய் அளவு, அதுவும் சாற்றில் கரைத்து, உப்பைக் குறைத்து. அதற்கு மேல் வேண்டாம்.

பொடியைப் பற்றி அதிகம் எழுத ஒன்றுமில்லை. நான் வாங்கிய பொட்டலத்தில் பாதிக்கு மேல் மாவு. எண்ணெயில் போட்டால் மாவு முதலில் கருகுகிறது, நிறம் அப்புறம்தான் யோசிக்கிறது. சுத்தமான விதைப் பொடியும் விற்கிறார்கள், லேபிளில் ஒரே ஒரு பொருள் மட்டும் எழுதியிருந்தால் அதை நம்பலாம், அப்படியும் அரைத்த சரக்கு விதையைவிடச் சீக்கிரம் மங்கும்.

வைத்துக்கொள்வதில் பெரிய எதிரி வெளிச்சம். கண்ணாடி ஜாடியில் போட்டு ஜன்னலோரம் அழகுக்கு வைத்தால் நிறம் போய்க்கொண்டே இருக்கும், இருட்டு அலமாரியில் மூடி வையுங்கள். எண்ணெயைக் கொஞ்சம் கூடுதலாகக் காய்ச்சி வடிகட்டி ஃபிரிட்ஜில் வைத்துக்கொண்டால் அடுத்த சாதத்துக்கும் முட்டைப் பொரியலுக்கும் ஆகும். மரக்கரண்டி, பிளாஸ்டிக் டப்பா, சட்டை எதில் பட்டாலும் கறைதான். பிளாஸ்டிக்கை நல்ல வெயிலில் போட்டால் மங்கும், நிறத்தைத் தின்கிற அதே வெளிச்சம் இங்கே நமக்கு வேலை செய்கிறது. மரக்கரண்டி போனது போனதுதான், இதற்கென்று ஒன்றை ஒதுக்கிவிடுங்கள்.

விதைக்கு ஐந்துக்கு நாலரை. அந்த அரை, அடியில் கிடந்த குச்சிக்கு. கட்டிக்கு இறைச்சியில் ஐந்து, சாதத்தில் இரண்டு. பொடிக்கு ஒன்று. விதை வாங்குகிறவர்கள் சின்னப் பொட்டலமாக வாங்குங்கள், ஒரு தேக்கரண்டி ஒரு சட்டி சாதத்துக்குப் போதும் என்பதால் பெரிய பை தீர்வதற்குள் பழுப்பேறிவிடும்.