டென்ட்ரோசெரிஸ்: தனிப் பேரினமா, சாங்கஸில் ஒரு கிளையா?

பெங்களூரில் காலி மனைகளிலும் சாக்கடை ஓரங்களிலும் மஞ்சள் பூவோடு நிற்கும் சாங்கஸ் ஒலராசியஸ் களையைக் கிள்ளினால் பால் வடியும், தண்டு உள்ளீடின்றி இருக்கும். இலையடியில் தண்டைக் கட்டிப் பிடிக்கும் இரண்டு காதுகள் கூர்மையாக இருக்கும். அவை உருண்டு வளைந்திருந்தால் அது சாங்கஸ் ஆஸ்பர். சிலிக்குச் சொந்தமான ஹுவான் ஃபெர்னாண்டஸ் தீவுகளில் மட்டும் வளரும் முட்டைக்கோசு மரங்கள், அதாவது டென்ட்ரோசெரிஸ், இந்தக் களையின் சொந்தக்காரர்கள். எவ்வளவு நெருங்கிய சொந்தம் என்பதில்தான் வழக்கு.

முதல் வழி, ஸ்வீடன் தாவரவியலாளர் கார்ல் ஸ்காட்ஸ்பர்க் சென்றது. கிளைக்காத ஒற்றைத் தண்டும் பிளவுபட்ட இலையும் கொண்டவற்றை ஃபீனிகோசெரிஸ் என்று பிரித்தார். ரேயா முதலிய பேரினங்களும் தனியாக நின்றன. வெளித்தோற்றத்துக்கு இது பொருந்தும். ஆனால் எல்லாமே ஒரே மூதாதையிலிருந்து கிளைத்தவை என்று டிஎன்ஏ காட்டிய பிறகு, சுமார் 11 சிற்றினங்களை இத்தனை பேரினங்களாக வெட்டுவது வீண். துணைப்பேரினங்களாக வைத்தாலே போதும்.

இரண்டாவது, தாவரவியலாளர் டேவிட் டான் 1832இல் வைத்த டென்ட்ரோசெரிஸை அப்படியே காப்பது. மரம்போன்ற தண்டு, 36 குரோமோசோம்கள், சொந்தத் தீவு என எல்லாம் தனித்தன்மைக்குச் சாட்சி. சிக்கல் வேறிடத்தில். ஐடிஎஸ், மேட்கே மரபுத்துண்டுகளை ஒப்பிட்டால் இக்குழு சாங்கஸுக்கு வெளியே நிற்காமல் உள்ளேயே கிளைக்கிறது. இதைத் தனியே எடுத்தால் மீதிச் சாங்கஸ், ஒரே மூதாதையின் வழிவந்தவற்றில் சிலவற்றை விட்டுவிட்ட ஓட்டையுள்ள குழுவாகிவிடும். சாங்கஸையே உடைக்கலாம்தான், ஆனால் லின்னேயஸின் 1753 பெயர் அதன் வகைச் சிற்றினமான, அதாவது பேரினப் பெயர் நிரந்தரமாகக் கட்டுண்ட சிற்றினமான, நம் களையோடுதான் போகும். கேனரித் தீவுப் புதர்கள் உட்பட மற்ற பல கிளைகளுக்குப் புதுப் பெயர் தேடவேண்டும். ஒரு தீவுப் பெயரைக் காக்க இது அதிக விலை.

மூன்றாவது, தாவரவியலாளர்கள் மெஜியாஸும் கிம்மும் 2012இல் செய்தது: மொத்தமாகச் சாங்கஸில் சேர்ப்பது. எங்கள் தேர்வு இதுவே. மரத்தண்டு தடையல்ல, தீவுக்கு வந்த மென்தண்டுச் செடிகள் மரமாவது சூரியகாந்திக் குடும்பத்தில் பலமுறை நடந்திருக்கிறது. தவறு நேர்வது பெயரை மாற்றும்போதுதான். அறிவியல் பெயரின் பின்பாதியை, அதாவது சிற்றினத்தைக் குறிக்கும் சொல்லை, அப்படியே ஒட்டக்கூடாது. டென்ட்ரோசெரிஸ் பின்னாட்டாவைச் சாங்கஸ் பின்னாட்டஸ் ஆக்க முடியாது, அந்தப் பெயர் ஏற்கெனவே ஒரு மடெய்ராத் தீவுச் செடிக்கு உரியது. டென்ட்ரோசெரிஸ் லிட்டோராலிஸ் இப்படித்தான் சாங்கஸ் பிராசிகிஃபோலியஸ் ஆனது. ஆரஞ்சு நிறத் தலைமஞ்சரிகள் தொங்கும், தேன்சிட்டு அளவேயான ஹம்மிங் பறவை தேடிவரும் அழகான மரம் அது. ஆடும் முயலும் தின்று தீர்த்து, காட்டில் விரல்விட்டு எண்ணும் நிலைக்கு வந்தது.

ஹெர்பேரியம் (உலர்த்திய செடி மாதிரிகளின் தொகுப்பு) தாளில் வேலை செய்யும் மாணவர்கள் பழைய பெயரை அடிக்காதீர்கள். புதுப் பெயர், தீர்மானித்தவர், தேதி மூன்றையும் எழுதிய தனிச் சீட்டை அருகில் ஒட்டுங்கள். தோட்டப் பலகையில் இரண்டு பெயரும் இருக்கட்டும். தரவுத்தளத்திலும் இரண்டையும் தேடுங்கள்: பாதுகாப்புக் குறிப்புகளில் பல இன்னும் டென்ட்ரோசெரிஸ் என்ற பெயரில்தான் கிடக்கின்றன.