வரப்புத் தகராறுக்கு நான் போன வக்கீல் ஆபீஸ்

மன்னார்குடிப் பக்கம் எங்களுக்கு மூன்று மா, அதாவது சுமார் ஒரு ஏக்கர், நன்செய். போன சம்பாவில் நாற்று நட்ட மறுவாரமே பங்காளி வரப்பை வெட்டினார். நான்தான் அத்துமீறினேன் என்று போலீஸில் புகாரும் கொடுத்துவிட்டார்.

வக்கீலிடம் பட்டாவை நீட்டினேன். "பட்டா மட்டும் பத்தாதுண்ணே, பத்திரம், அடங்கல் எல்லாம் கொண்டாங்க" என்றார். அடங்கல் என்பது கிராம நிர்வாக அலுவலரின் பயிர்க் கணக்கு. பழைய கிஸ்து (நிலவரி) ரசீதுகளை ஒவ்வொன்றாகப் பிரித்து, வருஷ வாரியாக அடுக்கி நூல் கட்டினார். அந்தக் கவனத்திலேயே எனக்குப் பாதித் தைரியம் வந்துவிட்டது. முதல் வேலையாக சிவில் கோர்ட்டில் தடையுத்தரவு கேட்டார்.

அப்புறம் கோட்டாட்சியர் நோட்டீஸ் வந்தது. நிலத் தகராறால் அமைதி கெடும் என்றால் அவர் விசாரிக்கும் பிரிவு அது: பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் 145, இப்போது அதற்குப் பதிலாக வந்த பிஎன்எஸ்எஸ் சட்டத்தில் 164. அங்கே நிலம் யார் அனுபவத்தில், அதாவது யார் கைவசம், இருக்கிறது என்று மட்டும்தான் பார்ப்பார்கள், யாருக்குச் சொந்தம் என்பதை சிவில் கோர்ட்தான் சொல்லும் என்று வக்கீல் பொறுமையாக விளக்கினார். அனுபவம் பற்றி சிவில் வழக்கு நடக்கும்போது இந்தக் கோட்டாட்சியர் விசாரணையையும் இணையாக நடத்தக்கூடாது என்ற உச்ச நீதிமன்றத் தீர்ப்பையும் பதிலோடு சேர்த்தார்.

குறை ஒன்று உண்டு. வாய்தா தேதியை நாம்தான் போன் செய்து கேட்க வேண்டும். ஃபீஸுக்கு ரசீது தருகிறார். கிரிமினல் புகார் இன்னும் நிலுவையில்தான் இருக்கிறது. தை அறுவடையை நான்தான் அறுத்தேன்.